ஒரு பகிடியின் பெயர் கயா லால்

இந்திய அரசியல் செய்திகளைக் கொஞ்சம் தொடர்ந்து பார்க்கிற ஆக்களுக்கு ‘ஆயா ராம், கயா ராம்’ என்ற சொற்றொடர் புதிசா இருக்காது. ஒரு எம்.எல்.ஏ. கட்சி மாறினால் போதும், அடுத்த நாள் பத்திரிகைத் தலைப்பில் இது வந்துவிடும். ஹிந்தியில் ‘ஆயா’ என்றால் வந்தார், ‘கயா’ என்றால் போனார். (எங்கட ஊரில் பிள்ளை பார்க்கிற ஆயாவுக்கும் இதுக்கும் தொடர்பில்லை.) வந்த ராம், போன ராம். காலையில் ஒரு கட்சி, பின்னேரம் இன்னொரு கட்சி என்று திரிகிற அரசியல்வாதிக்கு இந்தியா வைத்த பட்டப்பெயர் அது.

கனபேருக்குத் தெரியாத விசயம், இந்தப் பகிடிக்குப் பின்னால் உண்மையான ஒரு மனிதர் இருந்தார் என்பது. அவருடைய பெயர் கயா லால். ஹரியானா மாநிலத்தின் முதலாவது தேர்தலில் தெரிவான சட்டசபை உறுப்பினர். ஐம்பது வருசத்துக்கு மேலாக அவருடைய பெயர் ஒரு வசைச்சொல்லாகப் புழங்குகிறது. ஆனால் அந்தப் பெயரை வசையாக்கிய அதே வருசத்தில், அதே ஊரில், அவரைவிடப் பெரிய ஆக்கள் கட்சி மாறினார்கள். அவர்களில் ஒருவர் முதலமைச்சரானார். பக்கத்து மாநிலத்தில் கட்சி மாறிய ஒருவர் பிறகு பிரதமராகவே வந்தார். அவர்களின் பெயரை யாரும் வசைச்சொல்லாக்கவில்லை.

ஏன் அப்படி நடந்தது என்பதுதான் இந்தக் கட்டுரையின் கேள்வி.

புது மாநிலம், 81 கதிரைகள்

ஹரியானா 1966 நவம்பர் 1ஆம் திகதி பஞ்சாபிலிருந்து பிரிந்து உருவானது. முதலாவது முதலமைச்சர் காங்கிரசைச் சேர்ந்த பகவத் தயாள் சர்மா. மாநிலம் பிறந்து நாலு மாதம் கூட ஆகவில்லை, 1967 பெப்ரவரியில் தேர்தல் வந்துவிட்டது.

சட்டசபையில் மொத்தம் 81 இடங்கள். காங்கிரஸ் 48 இடங்களை வென்றது. பாரதிய ஜன சங்கம் 12, சுதந்திராக் கட்சி 3, குடியரசுக் கட்சி 2. மிச்சம் 16 பேர் சுயேச்சைகள். அந்த 16 பேரில் ஒருவர்தான் கயா லால். டெல்லிக்குத் தெற்கே, இன்றைய பல்வல் மாவட்டப் பக்கம் இருந்த ஹசன்பூர் தொகுதியில் வென்றவர். பட்டியல் சாதியினருக்கென ஒதுக்கப்பட்ட தொகுதி அது. கயா லால் தலித் சமூகத்தைச் சேர்ந்தவர்.

காகிதத்தில் பார்த்தால் காங்கிரசுக்கு நல்ல பெரும்பான்மை. 41 போதும், அவர்களிடம் 48 இருந்தது. ஆனால் கட்சிக்குள்ளே ஏற்கனவே மூன்று அணிகள் முட்டிக்கொண்டிருந்தன. ஒரு பக்கம் சர்மா, பிராமணத் தலைவர். இன்னொரு பக்கம் ஜாட் விவசாயிகளின் தலைவரான தேவி லால். மூன்றாவது, ரேவாரிப் பகுதியின் பழைய ஆளும் குடும்பத்தில் வந்த ராவ் பிரேந்தர் சிங், அஹீர் சமூகத்தவர். வேட்பாளர் பட்டியல் போடும்போதே ஆரை வெட்டுவது, ஆரைச் சேர்ப்பது என்று சண்டை. தேவி லாலுக்கு அந்தத் தேர்தலில் கட்சி இடமே கொடுக்கவில்லை.

ஏழே ஏழு பேர் மறுபக்கம் போனால் அரசாங்கம் ஆட்டம் காணும். இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இவ்வளவு சின்னச் சபையில் ஒரு தனி உறுப்பினரின் விலை என்னவாக இருக்கும் என்பதை அது சொல்லும்.

ஒரு கிழமையில் விழுந்த அரசாங்கம்

1967 மார்ச் 10ஆம் திகதி சர்மா மீண்டும் முதலமைச்சராகப் பதவியேற்றார். ஒரு கிழமை கழித்து சபாநாயகர் தெரிவு. அரசாங்கம் ஒருவரை நிறுத்தியது. அதே காங்கிரசைச் சேர்ந்த ராவ் பிரேந்தர் சிங் எதிர்த்து நின்று வென்றுவிட்டார். அதாவது, அரசாங்கத்தின் சொந்த ஆக்களே அரசாங்கத்தின் வேட்பாளருக்கு எதிராக வாக்களித்திருந்தார்கள்.

அதோடு கதை முடிந்தது. காங்கிரசிலிருந்து 12 பேர் வெளியேறி ‘ஹரியானா காங்கிரஸ்’ என்று தனி அணி அமைத்தார்கள். சுயேச்சைகள் ‘நவீன ஹரியானா காங்கிரஸ்’ என்று இன்னொரு அணி. எல்லாரும் சேர்ந்து ஐக்கிய முன்னணி. 1967 மார்ச் 24ஆம் திகதி ராவ் பிரேந்தர் சிங் முதலமைச்சர். சர்மாவின் அரசாங்கம் நின்றது இரண்டு கிழமை.

இந்தக் கொந்தளிப்புக்குள்தான் கயா லால் வருகிறார். சுயேச்சையாக வென்றவர் காங்கிரசில் சேர்ந்தார். பிறகு காங்கிரசை விட்டு ஐக்கிய முன்னணிக்குப் போனார். திரும்பக் காங்கிரசுக்கு வந்தார். ஒன்பது மணித்தியாலத்துக்குள் மறுபடி ஐக்கிய முன்னணிக்குப் போனார். இதெல்லாம் இரண்டு கிழமைக்குள். இன்றைக்கு மீம் போடுகிற ஆக்கள் ‘ஒரே நாளில் மூன்று தடவை மாறினார்’ என்று எழுதுவார்கள். பகிடி கைமாறக் கைமாறக் கொஞ்சம் கொழுக்கத்தானே செய்யும். வழமையாகச் சொல்லப்படுகிற கணக்கு இரண்டு கிழமை. அதுவே போதுமான அளவு மோசம்தான்.

கடைசித் தடவை அவர் திரும்பி வந்தபோது, ராவ் பிரேந்தர் சிங் அவரைச் சண்டிகாருக்குக் கூட்டிக்கொண்டு போய்ப் பத்திரிகையாளர்களுக்கு முன்னால் நிறுத்தினார். ‘கயா ராம் இப்ப ஆயா ராம் ஆகிவிட்டார்’ என்ற பொருளில் ராவ் அறிவித்தார் என்பது அதன் பிறகு திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டு வருகிற கதை. போன ராம் திரும்பி வந்த ராம் ஆகிவிட்டார். எல்லாரும் சிரித்திருப்பார்கள். அந்தச் சொல்விளையாட்டு பாராளுமன்றம் வரைக்கும் போனது. நாடு முழுக்கப் பரவியது. கயா லால் என்ற பெயரில் ஏற்கனவே ‘போனார்’ என்ற சொல் இருந்தது அவருடைய துரதிர்ஷ்டம்.

இஞ்சதான் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். அந்தப் பத்திரிகையாளர் சந்திப்பில் இரண்டு பேர் இருந்தார்கள். ஒருவர் கட்சி மாறி வந்தவர். மற்றவர் அவரைக் கூட்டிக்கொண்டு வந்தவர். கூட்டிக்கொண்டு வந்தவரும் அதே 1967இல் காங்கிரஸ் சின்னத்தில் வென்று, காங்கிரஸ் அரசாங்கத்தைக் கவிழ்த்துவிட்டு வந்தவர்தான். பகிடியைச் சொன்னவர் ஒரு கட்சிமாறி. பகிடிக்கு ஆளானவர் இன்னொரு கட்சிமாறி. வித்தியாசம், ஒருவரிடம் அணி இருந்தது, மற்றவரிடம் ஒரு வாக்கு மட்டும் இருந்தது.

44 பேர், ஒரு பெயர்

கயா லால் தனி ஆளாக இதைச் செய்யவில்லை என்பதற்குக் கணக்கு இருக்கிறது. அந்த வருசம் முழுக்க ஹரியானா சட்டசபையில் உறுப்பினர்கள் அங்கும் இங்கும் ஓடிக்கொண்டிருந்தார்கள். ஆளுநராக இருந்த பி. என். சக்கரவர்த்தி டெல்லிக்கு அனுப்பிய அறிக்கையில் உள்ள கணக்கின்படி ஒருவர் ஐந்து தடவை, இரண்டு பேர் நாலு தடவை, மூன்று பேர் மூன்று தடவை, நாலு பேர் இரண்டு தடவை, 34 பேர் ஒரு தடவை கட்சி மாறியிருந்தார்கள். கூட்டிப் பாருங்கள். 44 பேர். 81 பேர் கொண்ட சபையில் பாதிக்கும் மேல்.

ராவுக்கு முதலில் தோள்கொடுத்த தேவி லாலே கொஞ்ச நாளில் அவருக்கு எதிராகத் திரும்பினார். உறுப்பினர்களைத் தக்கவைக்க அமைச்சுப் பதவிகள் பகிரப்பட்டன. மறுபக்கம் அதைவிடப் பெரிய பதவி காட்டியது. கடைசியில், தனக்குப் பெரும்பான்மை இருக்கிறது என்று ராவ் சொல்லிக்கொண்டிருந்தபோதே, இப்படி ஒரு சபையை வைத்து ஆட்சி நடத்த முடியாது என்று ஆளுநர் அறிக்கை எழுதினார். 1967 நவம்பரில் ஜனாதிபதி ஆட்சி வந்தது. புது மாநிலம் தன் முதலாவது பிறந்தநாளைக் கொண்டாடி மூன்று கிழமைதான் ஆகியிருந்தது. சபை கலைக்கப்பட்டது.

இன்னொரு விசயம், இது ஹரியானாவின் தனி வியாதியும் இல்லை. 1967 தேர்தலில்தான் இந்தியாவில் காங்கிரசின் ஏகபோகம் முதன்முறையாக உடைந்தது. தமிழ்நாட்டில் தி.மு.க., கேரளாவில் இடதுசாரிகள் தலைமையிலான கூட்டணி என்று மக்கள் வாக்களித்தே மாற்றிய மாநிலங்கள் இருந்தன. உத்தரப் பிரதேசம், மத்தியப் பிரதேசம், ஹரியானா மூன்றிலும் கதை வேறு. அங்கே முதலில் காங்கிரஸ் ஆட்சி அமைத்தது. பிறகு அதன் சொந்த ஆக்கள் வெளியேறி அதைக் கவிழ்த்தார்கள்.

உத்தரப் பிரதேசத்தில் வெளியேறியவர் சௌத்ரி சரண் சிங். 1967 ஏப்ரல் 1ஆம் திகதி தன் ஆதரவாளர்களுடன் காங்கிரசை விட்டார். ஏப்ரல் 3ஆம் திகதி முதலமைச்சர் ஆனார். 1979 ஜூலையில் நாட்டின் பிரதமர். 2024இல் அவருக்கு, இறந்து பல வருசங்களுக்குப் பிறகு, பாரத ரத்னா விருது அறிவிக்கப்பட்டது. சரண் சிங் விவசாயிகளுக்காக நிலச் சீர்திருத்தம் பேசிய பெரிய தலைவர், காங்கிரசோடு அவருக்குக் கொள்கைப் பிணக்கு உண்மையிலேயே இருந்தது. அதை மறுக்கவில்லை. ஆனால் அவரை ஆரும் ‘கயா ராம்’ என்று கூப்பிடவில்லை என்பதையும் கவனியுங்கள்.

இந்த அலையைப் பற்றி ஆராய்வதற்காக அப்போதைய உள்துறை அமைச்சர் ஒய். பி. சவான் தலைமையில் ஒரு குழு அமைக்கப்பட்டது. 1969இல் அறிக்கை வந்தது. முதலாவது பொதுத் தேர்தலிலிருந்து நாலாவது பொதுத் தேர்தல் வரைக்கும் ஏறத்தாழ 542 கட்சித் தாவல்கள். 1967 மார்ச்சிலிருந்து 1968 பெப்ரவரி வரையான ஒரே வருசத்தில் மட்டும் 438. சுயேச்சையாக வென்ற 376 பேரில் 157 பேர் ஏதோ ஒரு கட்சியில் போய்ச் சேர்ந்திருந்தார்கள். எல்லாவற்றையும்விட முக்கியமான கணக்கு ஒன்று அந்த அறிக்கையில் இருக்கிறது. பல மாநிலங்களில் கட்சி மாறிய 210 பேரில் 116 பேர் அமைச்சரவையில் சேர்க்கப்பட்டிருந்தார்கள்.

பாதிக்கும் மேல் அமைச்சர்கள்! அப்ப, இது மனம் மாறின கதையில்லை. விலை பேசின கதை. விலை பேசினால் விற்கிறவன் மட்டும் இருக்க ஏலாது, வாங்குகிறவனும் இருக்க வேண்டும். அமைச்சுப் பதவியைக் கொடுக்கிற அதிகாரம் முதலமைச்சருக்குத்தான் இருக்கு. ஆனால் ‘ஆயா ராம், கயா ராம்’ என்ற பகிடியில் வாங்குகிறவன் இல்லவே இல்லை. வருகிறவனும் போகிறவனும் மட்டும்தான் இருக்கிறார்கள்.

அதுக்குப் பிறகு ஆர் எங்கே போனார்கள்?

1967இல் மேடையில் இருந்தவர்களின் பிற்காலத்தைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் விசயம் வடிவா விளங்கும்.

ராவ் பிரேந்தர் சிங் ‘விஷால் ஹரியானா கட்சி’ என்று சொந்தக் கட்சி நடத்தினார். பிறகு அதைக் காங்கிரசிலேயே இணைத்துவிட்டு, 1980களில் இந்திரா காந்தியின் அரசாங்கத்தில் மத்திய விவசாய அமைச்சர் ஆனார். தான் கவிழ்த்த கட்சிக்கே திரும்பிப் போனார். அதாவது, போன ராம் வந்த ராம் ஆனார். அவருடைய மகன் ராவ் இந்தர்ஜித் சிங் காங்கிரசில் மத்திய இணை அமைச்சராக இருந்தவர். 2014 தேர்தலுக்கு முன் பா.ஜ.க.வுக்குப் போனார். அங்கேயும் மத்திய இணை அமைச்சர்.

கவிழ்க்கப்பட்ட பகவத் தயாள் சர்மாவும் பிறகு காங்கிரசை விட்டார். ஒடிசாவுக்கும் மத்தியப் பிரதேசத்துக்கும் ஆளுநராக இருந்தார்.

தேவி லால் இரண்டு தடவை ஹரியானா முதலமைச்சர். 1989இல் நாட்டின் துணைப் பிரதமர்.

எல்லாரையும் மிஞ்சியவர் பஜன் லால். அவர் ஜனதாக் கட்சிக்குள்ளேயே தேவி லாலை ஓரங்கட்டி 1979இல் முதலமைச்சர் ஆனவர். 1980 ஜனவரியில் இந்திரா காந்தி டெல்லியில் திரும்ப ஆட்சிக்கு வந்தார். ஜனதா மாநில அரசாங்கங்கள் கலைக்கப்படும் என்ற பயம். பஜன் லால் என்ன செய்தார் தெரியுமா? தன்னுடைய அமைச்சரவையையும் பெரும்பாலான ஜனதா உறுப்பினர்களையும் கூட்டிக்கொண்டு அப்படியே காங்கிரசுக்குள் நுழைந்துவிட்டார். இரவு ஜனதா அரசாங்கம், விடிந்தால் காங்கிரஸ் அரசாங்கம். முதலமைச்சர் அதே ஆள். வீடு மாறவில்லை, கதவில் இருந்த பெயர்ப்பலகைதான் மாறியது.

இவர்களுக்குப் பக்கத்தில் கயா லாலைப் பாருங்கள். 1972இல் அகில பாரதிய ஆரிய சபா என்ற சின்னக் கட்சியில் போட்டியிட்டார். 1974இல் சரண் சிங்கின் பாரதிய லோக் தளத்தில் சேர்ந்தார். ஆம், கட்சியை உடைத்து முதலமைச்சரான அதே சரண் சிங்கின் கட்சிதான். அவசரகாலச் சட்டம் முடிந்து வந்த 1977 தேர்தலில், லோக் தளமும் கலந்திருந்த ஜனதாக் கட்சியின் சார்பில் அதே ஹசன்பூரில் நின்று வென்றார். 1982இல் சுயேச்சையாக நின்று தோற்றார். 2009இல் காலமானார். அவருடைய மகன் உதய் பான் பல தடவை சட்டசபை உறுப்பினராக இருந்தவர், 2022இல் ஹரியானா காங்கிரஸ் தலைவராக நியமிக்கப்பட்டார்.

1977 வெற்றியைச் சும்மா தாண்டிப் போக வேண்டாம். நாடு முழுக்கத் தன் பெயரை வைத்துச் சிரித்த பத்து வருசத்துக்குப் பிறகு, அவரை நேரில் தெரிந்த ஊர்க்காரர் அவருக்குத் திரும்ப வாக்குப் போட்டிருக்கிறார்கள். அந்த வருசம் ஹரியானாவில் ஜனதா அலை அடித்தது, 90 இடங்களில் 75ஐ வென்றது, ஆகவே அலையும் தூக்கிவிட்டது என்று சொல்லலாம். சரிதான். ஆனாலும் ஹசன்பூர் மக்களுக்கு அவர் ஒரு பகிடியாக மட்டும் தெரியவில்லை என்பது உண்மை.

கயா லாலைப் புனிதராக்க இதை எழுதவில்லை. காங்கிரசை எதிர்த்துச் சுயேச்சையாக வென்ற ஒருவர் அதே காங்கிரசில் போய்ச் சேர்வது, தனக்கு வாக்குப் போட்டவனுக்குச் செய்கிற துரோகம்தான். ஒன்பது மணித்தியாலத்துக்குள் மனம் மாறியது என்பதை எந்தக் கொள்கையாலும் நியாயப்படுத்த ஏலாது. கேள்வி அவர் பிழை செய்தாரா என்பதில்லை. 44 பேர் செய்த பிழைக்கு, அவர்களை ஓடவைத்த தலைவர்களின் பிழைக்கு, ஏன் ஒரு ஆளின் பெயர் மட்டும் மிஞ்சியது? எல்லாப் பெயர்களிலும் அதிகாரம் குறைந்த ஆளின் பெயராக அது ஏன் இருந்தது?

பகிடியைப் பின்பற்றிய சட்டம்

இது வெறும் பெயர்ப் பிரச்சினை என்றால் விட்டுவிடலாம். ஆனால் ஒரு சமூகம் ஒரு குற்றத்துக்கு என்ன பெயர் வைக்கிறதோ, அதற்கேற்ற மாதிரித்தான் தண்டனையும் வரும். இந்தியாவில் அதுதான் நடந்தது.

1973இலும் 1978இலும் கட்சித் தாவலைத் தடுக்கச் சட்டமூலங்கள் கொண்டுவரப்பட்டன. இரண்டும் நிறைவேறவில்லை. கடைசியில் ராஜீவ் காந்தி பிரம்மாண்டமான பெரும்பான்மையோடு வந்த பிறகு, 1985இல் அரசியலமைப்பின் 52ஆவது திருத்தமாக அது நிறைவேறியது. பத்தாவது அட்டவணை என்று சொல்வார்கள். அதுவரைக்கும் இந்திய அரசியலமைப்பில் அரசியல் கட்சி பற்றி ஒரு பேச்சே இருக்கவில்லை.

சட்டம் சொன்னது இதுதான். கட்சியை விட்டு விலகினால் பதவி போகும். கட்சிக் கொறடாவின் கட்டளையை மீறி வாக்களித்தால் பதவி போகும். சுயேச்சையாக வென்றவர் பிறகு ஏதாவது கட்சியில் சேர்ந்தால் பதவி போகும். கடைசி வரியைத் திரும்ப வாசியுங்கள். அச்சு அசல் கயா லாலுக்காகவே எழுதின மாதிரி இருக்கும்.

ஆனால் ஒரு விதிவிலக்கு வைத்தார்கள். ஒரு கட்சியின் சட்டசபை உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்கினர் சேர்ந்து வெளியேறினால், அது தாவல் இல்லை, ‘பிளவு’. பதவி போகாது. மூன்றில் இரண்டு பங்கினர் சேர்ந்து இன்னொரு கட்சிக்குப் போனால், அது ‘இணைப்பு’. அதுக்கும் தண்டனை இல்லை. சில்லறை வியாபாரம் குற்றம், மொத்த வியாபாரம் குற்றமில்லை என்ற விமர்சனம் உடனேயே எழுந்தது. கயா லால் மாட்டியிருப்பார், பஜன் லால் தப்பியிருப்பார்.

1990 நவம்பரில் சந்திரசேகர் ஜனதா தளத்தை உடைத்துக்கொண்டு வந்து காங்கிரசின் ஆதரவோடு பிரதமர் ஆனது இந்த மூன்றில் ஒரு பங்கு வாசலால்தான். அவரோடு வந்து திரும்பவும் துணைப் பிரதமர் ஆனவர் நம்முடைய பழைய தேவி லால். 2003இல் 91ஆவது திருத்தம் அந்த வாசலை மூடியது. அமைச்சரவையின் அளவும் சபையின் 15 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது என்று கட்டுப்படுத்தியது. வாங்குகிறவனின் கையைக் கொஞ்சமாவது கட்டிய விதி அது. ஆனால் மூன்றில் இரண்டு பங்கு வாசல் இன்னும் திறந்தே இருக்கிறது. 2019 ஜூலையில் கோவாவில் 15 காங்கிரஸ் உறுப்பினர்களில் 10 பேர் அதனூடாகப் பா.ஜ.க.வுக்குப் போனார்கள். 2022 செப்டெம்பரில் அதே கோவாவில் 11 பேரில் 8 பேர்.

யாரைத் தகுதிநீக்கம் செய்வது என்று தீர்மானிப்பவர் சபாநாயகர். சபாநாயகர் பெரும்பாலும் ஆளுங்கட்சிக்காரர். ஹரியானாவே இதுக்கும் நல்ல உதாரணம். 2009இல் ‘ஹரியானா ஜன்ஹித் காங்கிரஸ்’ கட்சியின் ஆறு உறுப்பினர்களில் ஐந்து பேர் ஆளும் காங்கிரசுக்குத் தாவினார்கள். மனு சபாநாயகரிடம் வருசக்கணக்கில் கிடந்தது. அவர் அதைத் தள்ளுபடி செய்தார். உயர் நீதிமன்றம் அந்த ஐந்து பேரும் பதவியிழந்தவர்கள் என்று தீர்ப்புச் சொன்னபோது 2014 ஒக்டோபர். சபையின் காலம் முடிகிற நேரம். அந்த ஜன்ஹித் காங்கிரஸ் ஆருடைய கட்சி என்று நினைக்கிறீர்கள்? பஜன் லாலும் அவருடைய மகனும் நடத்தின கட்சி. 1980இல் ஒரு முழுக் கட்சியையும் கூட்டிக்கொண்டு போன மனிதர், தன் கட்சியை இன்னொருவர் கூட்டிக்கொண்டு போவதைப் பார்க்க உயிரோடு இருந்தார்.

சட்டத்தால் இன்னொரு பக்கவிளைவும் வந்தது. கொறடா சொல்கிற பக்கம் கை தூக்காவிட்டால் பதவி போகும் என்பதால், ஒரு சாதாரண உறுப்பினருக்கு மனச்சாட்சிப்படி வாக்களிக்கும் சுதந்திரமும் போய்விட்டது. தன் தொகுதி மக்களைப் பாதிக்கிற சட்டமூலத்துக்கு எதிராகக் கூட அவர் வாக்களிக்க ஏலாது. தனி உறுப்பினருக்கு வாய்ப்பூட்டு. தலைவருக்கோ, ஆள் எண்ணிக்கை சேர்ந்தால், கட்சியையே தூக்கிக்கொண்டு போகிற வசதி.

எங்களுக்கு இது ஏன்?

இலங்கையில் இருக்கிற எங்களுக்கு ‘தாவல்’ என்ற சொல்லுக்கு விளக்கம் தேவையில்லை. 1964 டிசம்பரில் சி. பி. டி சில்வாவும் அவரோடு 13 பேரும் எதிரணிப் பக்கம் போய் உட்கார்ந்தார்கள். சிறிமாவின் அரசாங்கம் ஒரே ஒரு வாக்கால் தோற்றது. 1978 அரசியலமைப்பு, கட்சியிலிருந்து நீங்கினால் எம்.பி. பதவி பறிபோகும் என்று விதித்தது. இந்தியாவுக்கு ஏழு வருசம் முன்னமே. ஆனால் அதை எழுதின அரசாங்கமே அடுத்த வருசம் பெப்ரவரியில் இரண்டாவது திருத்தத்தைக் கொண்டுவந்தது. அந்தத் திருத்தம் திறந்த வாசலால்தான் தமிழர் விடுதலைக் கூட்டணியின் மட்டக்களப்பு எம்.பி. செ. இராசதுரை ஐக்கிய தேசியக் கட்சிக்குப் போய் அமைச்சரானார்.

அந்தக் கதையை எங்கட பெரியாக்கள் சொல்லும்போது இராசதுரை என்ற பெயர் மட்டும்தான் வரும். அரசியலமைப்பையே திருத்தின கையைப் பற்றி எத்தனை பேர் கதைத்துக் கேட்டிருக்கிறோம்? போனவரைப் பேசுகிற அளவுக்கு, கதவைத் திறந்தவரைப் பேசுவதில்லை. இதுவும் கயா லாலின் கதைதான்.

கட்சித் தாவல் நடக்கிற ஒவ்வொரு தடவையும் முகநூலில் சில மணித்தியாலத்துக்குள் பகிடிகள் நிரம்பிவிடும். தவளை, குரங்கு, வேலி பாய்கிற மாடு என்று படம் போடுவோம். அதில் எனக்குக் கோபமில்லை, சிரிக்க வேண்டியதுக்குச் சிரிக்கத்தான் வேணும். ஆனால் சிரித்து முடிந்த பிறகு மூன்று கேள்வி கேட்டுப் பார்க்கலாம். அவரைக் கூட்டிக்கொண்டு வந்தது ஆர்? அதுக்கு என்ன கொடுபட்டது? கொடுக்கப்பட்டது ஆருடைய காசு, ஆருடைய பதவி? மூன்றாவது கேள்விக்கு விடை எப்பவும் ஒன்றுதான். அமைச்சு, வாகனம், சம்பளம் எல்லாம் பொதுமக்களின் சொத்து. எங்கட வாக்கை வாங்குவதற்கு எங்கட காசையே கொடுத்திருக்கிறார்கள்.

ஹரியானாவில் 1967இல் அந்த மூன்று கேள்விகளையும் நாடு உரக்கக் கேட்டிருந்தால், 1985இல் வந்த சட்டம் வேறு மாதிரி இருந்திருக்கலாம். கட்சி மாறினவருக்கு அமைச்சுப் பதவி கொடுக்கக்கூடாது, அமைச்சரவையின் அளவைக் குறைக்க வேண்டும் என்ற யோசனைகள் சவான் குழுவின் காலத்திலேயே பேசப்பட்டவைதான். அமைச்சரவைக்கு அளவு வைக்கவே 2003 வரைக்கும் காத்திருக்க வேண்டி வந்தது. அதுவரைக்கும் எல்லாரும் வந்தவரையும் போனவரையும் எண்ணிக்கொண்டிருந்தார்கள்.